படாத அடி

கொழும்புக் கோட்டையில் இரவு ஏறினால், கல்லோயாச் சந்தியில் மட்டக்களப்புப் பாதையை விட்டுப் பிரிந்து, கந்தளாய், தம்பலகாமம், சீனக்குடா தாண்டித் திருகோணமலைக்குக் கொண்டுவந்து சேர்க்கிறது ரயில். இறங்குகிற பயணிகளில் பெரும்பாலோர் கிழக்கே கோணேசர் கோயிலுக்கும் பிரெட்ரிக் கோட்டைக்கும் போவார்கள். மற்றவர்கள் வடக்கே உப்புவெளி, நிலாவெளிக் கடற்கரைக்கு. நகரின் வடமேற்குப் புறத்தில் இருக்கும் பாலையூற்றுக்கு, லூர்து அன்னை திருத்தலத்தைத் தேடி வருகிறவர்களைத் தவிர, வெளியூரார் அதிகம் வருவதில்லை. சுற்றுலாக் கையேடுகள் இரண்டு வரியில் கடந்துவிடும் இப்படியொரு குடியிருப்பில் நின்று பார்க்கும்போதுதான் ஒரு கேள்வி கூர்மையாகிறது. வடக்கிலும் கிழக்கிலும் மாலையானால் கராத்தே வகுப்புக்குப் போகும் பிள்ளைகள் ஏராளம். அவர்களில் ஒருவர் கலையை விட மனமில்லாமல் அதையே வாழ்க்கையாக்கிக்கொள்ள நினைத்தால், ஒருநாள் திரையிலும் தோன்ற ஆசைப்பட்டால், எந்த வழியாகப் போவது? போட்டிகளில் வெல்ல வேண்டும், பெயர் எடுக்க வேண்டும், பிறகு சென்னைக்குப் போய் வாய்ப்புக் கேட்க வேண்டும் என்பதுதான் வழக்கமாகக் கிடைக்கும் பதில். அது பாதி உண்மைகூட இல்லை என்று நினைக்கிறேன். சண்டைக் கலையிலிருந்து திரைக்குப் போன பாதைகளை ஊன்றிப் பார்த்தால், நடுவில் ஒரு வகுப்பறை இருக்கிறது. அதைத் தாண்டிக் குதித்தவர்களைவிட அதன் வழியாக நடந்து போனவர்களே நிலைத்தார்கள்.

காரணம் தொழிலின் உள்ளேயே இருக்கிறது. போட்டி வீரரின் உடல் எதிரிக்குத் தெரியாமல் அடிப்பதற்கென்றே பழக்கப்பட்டது. கை கிளம்புவது தெரியக்கூடாது, அசைவு சிறியதாக இருக்க வேண்டும், மிகக் குறுகிய வழியில் போய்ச் சேர வேண்டும். படத்துக்கு வேண்டியது இதற்கு நேர்மாறு. கமரா நிற்கும் பக்கத்திலிருந்து பார்க்கிறவருக்குக் கை கிளம்புவது தெரிய வேண்டும். அது முகத்துக்கு ஒரு சாண் முன்னால் கடந்துபோக வேண்டும். அந்த இடைவெளி கோணத்தில் மறைய வேண்டும். வாங்குகிறவர் அதே நொடியில் தலையைத் திருப்பி உடம்பைத் தளரவிட வேண்டும். கோடம்பாக்கத்தில் அடிக்கிறவர் செய்வதை டைமிங் என்பார்கள், வாங்குகிறவர் செய்வதை ரியாக்‌ஷன் என்பார்கள். நாயகன் எவ்வளவு வல்லவன் என்று பார்வையாளனை நம்பவைக்கிறவர் பெரும்பாலும் அடி வாங்குகிற ஃபைட்டர்தான். அவர் சரியாக விழாவிட்டால் நாயகனின் குத்து வெறும் கைவீச்சு. இத்தனையையும் டேக்குக்கு டேக் மாறாமல், களைத்த நிலையிலும், சண்டையே அறியாத ஒரு நடிகரோடு சேர்ந்து செய்ய வேண்டும். இந்தத் திறமைகளைப் போட்டி மேடை யாருக்கும் கற்றுத் தருவதில்லை. வகுப்பறை தினமும் கற்றுத் தருகிறது. நல்ல ஆசிரியர் ஓர் அசைவை நான்காக உடைத்து எண்ணிக் காட்டுகிறார். பின்வரிசையில் நிற்கும் பிள்ளைக்கும் தெரியட்டும் என்று பெரிதாக்கிச் செய்கிறார். பத்து வயதுப் பிள்ளையின் மூக்குக்கு முன்னால் தன் கையை நிறுத்துகிறார். பயந்தவனுக்கும் துடுக்கானவனுக்கும் வேகத்தை வேறுவேறாக அளந்து கொடுக்கிறார். முதல் நாளே விழப் பழக்குகிறார். படப்பிடிப்பில் சண்டைப் பயிற்சி மாஸ்டர் செய்வது இதே வேலைதான்; மாணவரின் இடத்தில் நட்சத்திரம் நிற்கிறார், அவ்வளவே.

உலகறிந்த பெயரையே முதலில் எடுத்துப் பார்க்கலாம். புரூஸ் லீ 1964இல் கலிபோர்னியாவின் லாங் பீச்சில் எட் பார்க்கர் நடத்திய கராத்தே போட்டிக்குப் போனது போட்டியாளராக அல்ல. சியாட்டிலில் பள்ளி தொடங்கி, ஓக்லண்டிலும் வகுப்பு நடத்திக்கொண்டிருந்த ஓர் இளம் ஆசிரியர், தன் முறையைச் செய்துகாட்டி விளக்குவதற்காக மேடை ஏறினார். அங்கே அவரைப் பார்த்த சிகையலங்காரக் கலைஞர் ஜே செப்ரிங், தயாரிப்பாளர் வில்லியம் டோசியரிடம் அவரைப் பற்றிச் சொன்னார். 1966இல் ‘தி கிரீன் ஹார்னெட்’ தொலைக்காட்சித் தொடரில் கேட்டோ வேடம் கிடைத்தது அந்த வழியாகத்தான். தொடர் ஒரு வருடத்தில் நின்றபோது அவருக்குச் சோறு போட்டதும் கற்பித்தல்தான்: ஜேம்ஸ் கோபர்ன், ஸ்டீவ் மக்குயின் போன்ற நடிகர்களுக்குத் தனி வகுப்புகள். மாணவர்களில் ஒருவரான திரைக்கதையாசிரியர் ஸ்டேர்லிங் சிலிஃபன்ட், 1971இல் ‘லாங்ஸ்ட்ரீட்’ தொடருக்காக அவரை ஒரு தற்காப்புக் கலை ஆசிரியராகவே எழுதினார். லீ ஹொங்கொங்கில் குழந்தை நட்சத்திரமாக நடித்தவர், தந்தை கன்டோனிய ஓப்பராக் கலைஞர், ஆகவே கமரா அவருக்குப் புதிதல்ல என்று ஒருவர் சொல்லலாம், சரிதான். அப்படியானால் அந்தப் பின்னணி ஏதும் இல்லாத ஜிம் கெல்லியைப் பார்ப்போம். கெல்லி உண்மையான போட்டி வென்றவர். 1971இல் லாங் பீச்சில் பட்டம் எடுத்தவர். ஆனாலும் பட்டத்தைப் பார்த்து எவரும் படத்தில் போடவில்லை. ‘மெலிண்டா’ படத்துக்காக நடிகர் கால்வின் லொக்ஹார்ட்டுக்குக் கராத்தே பழக்க அமர்த்தப்பட்டார். பழக்கப் போன இடத்தில் அதே படத்தில் கராத்தே ஆசிரியர் வேடமே அவருக்கு வந்தது. அடுத்த ஆண்டு, 1973இல், ‘என்டர் தி டிராகன்’. பதக்கம் அவரை அரங்கின் வாசல் வரை கொண்டுவந்திருக்கலாம். கதவைத் திறந்தது இன்னொருவருக்குச் சொல்லிக்கொடுக்கத் தெரிந்த கை.

தமிழில் இந்தப் பாதையின் முழு வடிவத்தைக் காட்டிய மனிதர் ஷிஹான் ஹுசைனி. மதுரைக்காரர், கராத்தே ஹுசைனி என்றால் இலங்கைத் தமிழ் வீடுகளிலும் தெரியும். கே. பாலசந்தர் 1986இல் ‘புன்னகை மன்னன்’ படத்தில் அவரை அறிமுகப்படுத்தினார். ரேவதி சிங்களப் பெண்ணாக நடித்த அந்தப் படத்தை இந்தக் கரையில் பார்த்தவர்கள் எளிதில் மறக்கமாட்டார்கள். அடுத்த ஆண்டு ரஜினிகாந்தின் ‘வேலைக்காரன்’. ஆனால் ஹுசைனியின் திரைப்பட்டியலை மட்டும் வைத்து அவரை அளந்தால் ஏமாந்துபோவோம். ஏறக்குறைய நாற்பது ஆண்டுகளில் அவர் நடித்த படங்கள் சில மட்டுமே. அந்த ஆண்டுகள் முழுதும் தொடர்ந்து நடந்தது வகுப்பு. கராத்தேயோடு வில்வித்தையையும் தமிழ்நாட்டில் ஒரு தலைமுறைக்குப் பழக்கினார். தெலுங்கு நடிகர் பவன் கல்யாண் அவரிடம் கராத்தே கற்றவர். அந்த மாணவர் 1999இல் ‘தம்முடு’ என்ற கிக்பாக்ஸிங் கதையில் நாயகனாக நடித்தார். அது 2001இல் தமிழில் ‘பத்ரி’ ஆனபோது, விஜய்க்குப் பயிற்சியாளராகத் திரையில் நின்றவர் ஹுசைனி. மாணவர் நாயகனாக நடித்த கதையின் மறுவடிவத்தில் ஆசிரியர் ஆசிரியராகவே வருகிறார். இதைத் தற்செயல் என்று நான் நினைக்கவில்லை. கமராவுக்கு முன்னால் அவர் நடிக்க வேண்டியதில்லாத ஒன்று, பழக்குகிறவரின் நிதானம், அவரிடம் இருந்தது; அந்த வேடத்துக்கு அவரைத் தேடிப்போனதும் அதற்காகவே இருக்கும். 2025 மார்ச் 25ஆம் தேதி இரத்தப் புற்றுநோயால் இறந்தார். அதற்கு முன்பே தன் உடலை மருத்துவக் கல்விக்குத் தருவதாக அறிவித்திருந்தார். அவருக்கு முந்தைய தலைமுறையில் குடியாத்தத்து ஜூடோ ரத்தினம் இருக்கிறார்; தன் கலையின் பெயரையே பெயரோடு சேர்த்துக்கொண்டு வந்து, நடிகராகவும் தோன்றி, ‘முரட்டுக்காளை’யின் ரயில் சண்டை உட்பட ரஜினிகாந்தின் நாற்பதுக்கும் மேற்பட்ட படங்களுக்குச் சண்டை அமைத்து, 2023 ஜனவரியில் தொண்ணூறு கடந்த வயதில் மறைந்தார்.

இந்தப் பாதையைச் சென்னையிலிருந்தோ ஹொலிவூட்டிலிருந்தோ இறக்குமதி செய்ய வேண்டிய அவசியம் திருகோணமலைக்கு இல்லை என்பதையும் இங்கே சொல்ல வேண்டும். நகரத்திலிருந்து தெற்கே போனால் கிண்ணியாப் பாலம். 396 மீற்றர் நீளம், 2009இல் திறந்தார்கள், அதற்கு முன் படகுப் பாதையில்தான் கடக்க வேண்டும். கிண்ணியாவிலிருந்து காத்தான்குடி, அக்கரைப்பற்று வரை கிழக்கின் முஸ்லிம் ஊர்களில் சீனடி, சிலம்படி, பொல்லடி என்று உடற்கலைகள் வழிவழியாக வந்திருக்கின்றன. கல்யாண ஊர்வலங்களிலும் விழாக்களிலும் ஊர் கூடிப் பார்க்க, கம்பும் கையும் வேகமாகச் சுழல, யாருக்கும் காயம்படாமல் ஆடிக்காட்டுவது இவற்றின் அழகு. தமிழ் ஊர்களில் கூத்து இருக்கிறது. வடமோடிக் கூத்தில் போர் வராத கதை அரிது. அந்தப் போரைப் பழக்குகிறவர் அண்ணாவியார். சட்டம் என்கிற பாட்டு வசனப் பகுதியைக் கொடுத்து, மாதக்கணக்கில் ஆட்டம் பழக்கி, சதங்கை அணிவித்து, அடுக்கு என்கிற ஒத்திகை பார்த்து, பிறகே அரங்கேற்றம். வயலிலும் கடலிலும் வேலை செய்துவிட்டு இரவில் வருகிறவர்களின் உடம்பை, மத்தளத்தின் தாளக்கட்டுக்குள் கொண்டுவந்து, கர்ணனாகவும் அருச்சுனனாகவும் மோதவிட்டு, ஒரு கீறல் இல்லாமல் வீட்டுக்கு அனுப்புகிறவர் அவர். இன்றைய படப்பிடிப்பில் மாஸ்டர் சண்டையைக் கம்போஸ் பண்ணுவதற்கும் இதற்கும் அடிப்படையில் என்ன வேறுபாடு? தாளத்தை மத்தளம் தந்தது, இப்போது மாஸ்டரின் எண்ணிக்கை தருகிறது. பேராசிரியர் சு. வித்தியானந்தன் 1960களில் பேராதனைப் பல்கலைக்கழகத்தில் ‘கர்ணன் போர்’, ‘இராவணேசன்’ என்று கூத்தைப் புது மேடைக்குக் கொண்டுவந்தபோது, அந்த ஆட்டத்தின் வீரம் நகரத்துப் பார்வையாளரையும் பிடித்துக்கொண்டது. சிங்களவரின் மரபுச் சண்டைக் கலையான அங்கம்பொர மீது 1818இல் விழுந்த தடையை அரசு முறைப்படி நீக்கியது 2019இல்தான். இடைப்பட்ட இரு நூற்றாண்டுகளில் அது அழிந்துவிடாமல் காத்தவர்களும் தம் பிள்ளைகளுக்கு ஒதுக்குப்புறத்தில் பழக்கிக்கொண்டிருந்த குருமார்தான்.

இந்த வாதத்துக்கு வலுவான எதிர்ச்சாட்சி ஜாக்கி சான். அவர் சண்டைக் கலை ஆசிரியரும் அல்ல, போட்டி வீரரும் அல்ல. ஹொங்கொங்கில் யூ ஜிம்-யூன் நடத்திய பீக்கிங் ஓப்பராப் பள்ளியில் வளர்ந்து, ஸ்டண்ட் ஃபைட்டராகப் படங்களில் விழுந்து எழுந்து, நாயகனானவர். யாருக்கும் கற்பிக்காமலே இவ்வளவும் வந்ததே என்றால், ஆம், வந்தது. ஆனால் அந்தப் பள்ளி அவருக்குத் தந்தது எதிரியை வீழ்த்தும் கலையல்ல. சக மாணவன்மேல் மோதாமல் பாயும் கலை, கூட்டாக எண்ணி அசையும் கலை. ஆசிரியர் வகுப்பில் அடையும் அதே திறமையை அவர் சிறுவயதிலேயே மேடையில் அடைந்துவிட்டார். அப்படியொரு பள்ளி வாய்க்காத ஒருவருக்கு அதைச் சம்பாதிக்க எஞ்சியிருக்கும் இடம் கற்பித்தல். இன்னொரு மறுப்பு கலையின் தூய்மையை நேசிப்பவர்களிடமிருந்து வருவது: படம் கலையைப் பொய்யாக்குகிறது, ரோப் கட்டிப் பறக்கவிடுகிறது, ஒரே உதையில் பத்துப் பேரைச் சாய்க்கிறது, பிள்ளைகள் அதை நம்பி வகுப்புக்கு வந்து இரண்டாம் மாதம் நின்றுவிடுகிறார்கள். இந்தக் கோபத்தில் நியாயம் இருக்கிறது. ஆனால் அதைத் திருத்தியவர்களும் ஆசிரியர்கள்தான். ஹொங்கொங்கின் லாவ் கார்-லியூங் ஹுங் கார் குங்ஃபூ மரபில் தந்தையிடம் கற்றவர். சண்டை அமைப்பாளராக இருந்து இயக்குநராகி 1978இல் எடுத்த ‘36ஆவது அறை’ படத்தில் கதையின் பெரும்பகுதி ஒரு மாணவன் தண்ணீர் சுமப்பதும் தடுமாறுவதும் மறுபடி பழகுவதுமாகவே போகிறது. அதைப் பார்த்துவிட்டு வருகிற பிள்ளை முதல் நாள் பறக்க எதிர்பார்க்காது. அமெரிக்காவில் சாட் ஸ்டஹெல்ஸ்கி, புரூஸ் லீயின் சீடர் டான் இனோசான்டோவின் பயிற்சிக்கூடத்தில் பழகிப் பழக்குநராகவும் இருந்து, ‘மேட்ரிக்ஸ்’ படத்தில் கியானு ரீவ்ஸுக்கு டூப் போட்டு, 2014இல் ‘ஜான் விக்’ படத்தை இயக்கினார். நடிகரையே மாதக்கணக்கில் பழக்கி, வெட்டாமல் நீளமான ஷாட்டில் சண்டையைக் காட்டுவது அந்தப் படங்களின் பலம். ஆசிரியர்கள் திரையை விட்டு விலகி நின்றால் பொய் குறையாது, கேட்பாரில்லாமல் பெருகும்.

வென்றவர்களின் கதையை மட்டும் சொல்வது எளிது என்பதையும் நான் மறக்கவில்லை. 2025 ஜூலை 13 அன்று, நாகப்பட்டினம் மாவட்டத்தில் ஒரு படப்பிடிப்பில் காரை உருட்டும் காட்சியில் அனுபவமிக்க ஸ்டண்ட் கலைஞர் மோகன்ராஜ் உயிரிழந்தார். அதற்கு ஏறக்குறைய ஓராண்டு முன்பு, 2024 ஜூலையில், சென்னையில் இன்னொரு ஸ்டண்ட் கலைஞர் ஏழுமலை, சுமார் இருபது அடி உயரத்திலிருந்து விழுந்து இறந்தார். இவர்கள் புதியவர்கள் அல்லர், பழகாதவர்களும் அல்லர். இந்தத் தொழிலுக்குக் கௌரவம் வந்ததும் மிகத் தாமதமாகத்தான். இந்தியாவின் தேசியத் திரைப்பட விருதில் ஸ்டண்டுக்கு முதன்முதலாக இடம் கிடைத்தது 2016ஆம் ஆண்டுப் படங்களுக்கு. ‘புலிமுருகன்’ மலையாளப் படத்துக்காகப் பீட்டர் ஹெய்ன் பெற்றார். ஆஸ்கார் அதை 2028 விழாவிலிருந்துதான் தொடங்கப்போகிறது. சென்னையில் ஸ்டண்ட் கலைஞர்களுக்குச் சங்கமாவது இருக்கிறது, சம்பளம் பேச ஆள் இருக்கிறது. இலங்கைத் தமிழ்த் திரைக்கு அதுவும் இல்லை. 1960களில் ‘சமுதாயம்’, ‘தோட்டக்காரி’ என்று தொடங்கி 1978இல் ‘வாடைக்காற்று’ வரை வந்த முயற்சி, 1983 ஜூலையில் ஹெந்தளையில் படத் தயாரிப்பாளர் கே. குணரத்தினத்தின் விஜயா ஸ்டூடியோ எரிந்தபோது தன் உலைக்களத்தையே இழந்தது. ஆகவே பாலையூற்றுப் பிள்ளைக்குச் சினிமாவை நம்பு என்று சொல்ல எனக்கு வாய் வராது. அதனாலேயே வகுப்பை நம்பு என்கிறேன். படம் ஒரு வருடம் அழைக்கும், மூன்று வருடம் மறந்துவிடும். வகுப்பு ஒவ்வொரு மாலையும் நடக்கும். முழங்கால் தேய்ந்த ஃபைட்டருக்கு அடுத்த வேலை இல்லை. முழங்கால் தேய்ந்த ஆசிரியருக்கு மாணவர்கள் இருக்கிறார்கள். போட்டி வழியை நான் இகழவும் இல்லை. தமிழ்நாட்டில் சிலம்பம் அரசு வேலைக்கான மூன்று விழுக்காடு விளையாட்டு ஒதுக்கீட்டில் சேர்ந்திருக்கிறது, 2024 ஜனவரியில் சென்னை உள்ளிட்ட நகரங்களில் நடந்த கேலோ இந்தியா இளைஞர் விளையாட்டில் காட்சி விளையாட்டாகவும் இடம்பெற்றது. அங்கே கம்பு எடுத்தவருக்கு ஒரு படிக்கட்டு உண்டு. ஆனால் அந்த ஒதுக்கீடு பாக்கு நீரிணையைத் தாண்டி வராது.

கடைசியாக ஒரு மறுப்பு, இந்த மண்ணுக்கே உரியது. போர்த்துக்கீசர் கோணேசர் கோயிலை இடித்த காலத்திலிருந்து, 1942 ஏப்ரல் 9 அன்று ஜப்பானிய விமானங்கள் குண்டு போட்டது வரை, அதன் பிறகு நம் கண்முன்னே நடந்த முப்பது வருடப் போர் வரை, திருகோணமலைத் துறைமுகம் உண்மையான அடிகளை வேண்டுமளவு பார்த்திருக்கிறது. இங்கே பிள்ளைகளுக்கு இன்னும் சண்டையா, அதுவும் அதை அழகாகக் காட்டும் சண்டையா என்று ஒரு தாய் கேட்டால், அந்தக் கேள்வியைத் தட்டிக்கழிக்க யாருக்கும் உரிமையில்லை. நான் சொல்லக்கூடிய பதில், திரைச்சண்டையின் பயிற்சி முறையைக் கிட்டப் போய்ப் பாருங்கள் என்பதுதான். அங்கே எதிரி என்று ஒருவர் இல்லை, கூட்டாளி இருக்கிறார். அவர் கண்ணைப் பார்க்காமல் கையை ஓங்கக்கூடாது. அவர் தயார் என்று காட்டாமல் தொடங்கக்கூடாது. அவருக்கு அடிபட்டால் தவறு ஓங்கியவருடையது. கூத்துக் களத்தில் அண்ணாவியார் காத்த ஒழுங்கும் இதுவே. சண்டையின் கவர்ச்சி பிள்ளைகளைத் தேடி எப்படியும் வந்துவிடும், கைபேசித் திரையில் இப்போதே வந்துவிட்டது. அதன் பின்னாலிருக்கும் பொறுப்பைச் சொல்லிக்கொடுக்க ஒருவர் பக்கத்தில் இருக்கிறாரா இல்லையா என்பதே மிஞ்சும் வித்தியாசம்.

அந்தப் பொறுப்பைப் பழக்கும் வகுப்புக்கு வேண்டியவை எல்லாம் மாவட்டத்திலும் மாகாணத்திலும் தனித்தனியாக இருக்கின்றன, ஒன்றையொன்று அறியாமல். கிழக்குப் பல்கலைக்கழகத்தின் திருகோணமலை வளாகத்தில் தொடர்பாடல் படிக்கும் இளையோர் இருக்கிறார்கள். மட்டக்களப்பில் சுவாமி விபுலானந்த அழகியற் கற்கைகள் நிறுவகத்தில் நாடகமும் அரங்கியலும் பயில்கிறார்கள். கராத்தே மாஸ்டர்கள் பாடசாலை மண்டபங்களில் வகுப்பு நடத்துகிறார்கள். சீனடி ஆசான்களும் அண்ணாவியார்களும் முதுமையை எட்டிக்கொண்டிருக்கிறார்கள். குறும்படம் எடுக்கிற பிள்ளை சண்டைக் காட்சி வந்தால் நண்பர்களை நிறுத்தித் தள்ளுமுள்ளுப் பண்ணி முடிக்கிறது. இரண்டு தெரு தள்ளி இருக்கும் கராத்தே ஆசிரியரிடம் போய்க் கேட்கலாம் என்று அதற்குத் தோன்றுவதில்லை, அவருக்கும் அது தன் வேலை என்று தோன்றுவதில்லை. இவர்களை ஒரு மண்டபத்தில் சேர்த்து, வார இறுதி வகுப்பாகவே தொடங்கலாம். முதல் ஆறு மாதம் விழுவதையும், கையை நிறுத்துவதையும், கோணம் பார்ப்பதையும் மட்டும் பழக்கட்டும். தடித்த மெத்தைகளும் ஒரு கைபேசிக் கமராவும் இருந்தால் போதும். கம்பியில் தொங்குவதும் உயரத்திலிருந்து குதிப்பதும் அதற்கு வெகு பின்னால், பொறுப்பான மேற்பார்வையும் எழுத்தில் காப்புறுதியும் வந்த பிறகு வரட்டும்.